கடத்தலுக்குள் ஒரு ஷிப்ட்

'தி வயர்' தொடரின் இரண்டாம் பருவம் 2003-இல் வந்தது. கதை நடப்பது அமெரிக்காவின் பால்டிமோர் துறைமுகத்தில். சென்னைத் துறைமுகத்தை ஒட்டிய ராயபுரத்துக்காரருக்கு அது அயலூராகத் தெரியாது. ஹார்பர் தொழிலாளர் சங்கப் பொருளாளர் பிராங்க் சொபோட்கா, கடத்தல்காரர்களுக்காகக் கண்டெய்னர்களைக் கணினிப் பதிவிலிருந்து நழுவவிடுகிறார். வாங்கும் பணத்தை அரசியல்வாதிகளுக்குக் கொட்டுகிறார். கால்வாயைத் தூர்வாரினால் கப்பல் வரும், கப்பல் வந்தால் ஆட்களுக்கு வேலை வரும் என்ற கணக்கு. அவருடைய சகோதரர் மகனுக்கு சீனியாரிட்டி இல்லை. மாதத்தில் சில நாள்தான் வேலை. அவனும் திருட்டுக்குள் இறங்குகிறான்.

அந்தத் தொடரின் கைத்திறமே இதுதான். எந்தப் பெட்டி எந்த அடுக்கில், யார் எண்ணைப் பதிகிறார் என்று வேலை தெரிந்தவனால் மட்டுமே அந்தக் குற்றத்தைச் செய்ய முடியும். எழுதிய டேவிட் சைமன் பால்டிமோரில் பத்திரிகை நிருபராக இருந்தவர் என்பது சும்மா இல்லை. என்னை அதிகம் மிரட்டிய காட்சியில் ரத்தமே கிடையாது. ஆளே தேவைப்படாத ராட்டர்டாம் துறைமுகத்தைத் திரையில் பெருமையாகக் காட்டுகிறார்கள். சொபோட்கா உட்கார்ந்து பார்க்கிறார்.

தமிழில் நெருங்கி வந்தது 'சுழல்' (2022). அந்தத் தொடருக்காக புஷ்கர்–காயத்ரி உருவாக்கிய சாம்பலூரில் சிமென்ட் ஆலை, வேலைநிறுத்தம், சங்கத் தலைவராகப் பார்த்திபன். ஆலை எரிகிற இரவிலேயே அவர் மகள் காணாமல் போகிறாள். அபாரமான தொடக்கம். பிறகு தொடர் மகளைத் தேடிப் போய்விடுகிறது. தொழிலாளிகள் கூட்டக் காட்சிக்கு மட்டும் வருகிறார்கள். 'வட சென்னை' (2018) படமும் சிறைக்கும் கேரம் பலகைக்கும் கொடுத்த கவனத்தை உழைப்புக்குக் கொடுக்கவில்லை.

இத்தனைக்கும் கதை இங்கேதான் கிடக்கிறது. சென்னைத் துறைமுகத்தின் கண்டெய்னர் முனையம் 2001-இல் தனியார் கைக்குப் போனது. 2011-இல் உயர் நீதிமன்ற உத்தரவால் நிலக்கரி எண்ணூருக்கு நகர்ந்தது. ராயபுரம் வீடுகளில் கரித்தூசி குறைந்தது நல்லதுதான். கரியை நம்பிப் பிழைத்தவர்கள் என்ன செய்தார்கள் என்று எந்தத் தொடரும் கேட்கவில்லை. திருவொற்றியூரில் விம்கோ தீப்பெட்டி ஆலையின் பெயர் மெட்ரோ நிலையப் பலகையில் இருக்கிறது; அங்கே உழைத்தவர்களின் கதையைத்தான் காணோம்.

வடசென்னைத் தொடர் எழுத வருகிற தம்பிகளே, ரவுடிப் பட்டியலைக் கொஞ்சம் மூடி வையுங்கள். ஓய்வுபெற்ற ஹார்பர் தொழிலாளி ஒருவரிடம் போய், ஒரு ராத்திரி ஷிப்ட் எப்படி நடந்தது என்று முதலில் கேளுங்கள்.