பல் வைத்தியரின் எடுபிடி

சார்லி சாப்ளினின் ரசிகர்கள் 'லாஃபிங் காஸ்' படத்தைப் பற்றி அதிகம் பேசுவதில்லை. 1914-ல் கீஸ்டோன் கம்பெனிக்காக அவரே எழுதி, இயக்கி, நடித்த ஒற்றைச் சுருள் படம் அது. கதை என்று பிரமாதமாக ஒன்றுமில்லை. ஒரு பல் வைத்தியசாலை, அங்கே நடக்கும் அமளி, அவ்வளவுதான். ஆனால் அதன் தொடக்கத்துக்காகவே நான் அதைப் பலமுறை பார்த்திருக்கிறேன்.

சார்லி உள்ளே நுழைகிறார். வலியோடு காத்திருப்பவர்களுக்கு நடுவே கையுறைகளைக் கம்பீரமாகக் கழற்றுகிறார். டாக்டர் வந்துவிட்டார் என்று நாமும் நினைக்கிறோம். உள்ளே போனவர் எச்சில் கிண்ணங்களைத் துடைக்க உட்காருகிறார். ஆள் அங்கே எடுபிடி!

சித்தேரியில் என் பக்கத்து வீட்டுப் பெரியவருக்கு இதைப் போட்டுக் காட்டினேன். வெள்ளைக் கோட்டைக் கண்டால் தோள் துண்டை இடுப்புக்கு இறக்குகிறவர் அவர். இந்த இடத்தில் விழுந்து விழுந்து சிரித்தார். ஊமைப் படத்துக்கு மொழிபெயர்ப்பு எதற்கு?

சிரிப்பு வாயுவுக்கும் ஒரு சரித்திரம் உண்டு. 1844-ல் ஹோரஸ் வெல்ஸ் என்ற அமெரிக்கப் பல் வைத்தியர் அதை முகர்ந்துவிட்டுத் தம் பல்லையே பிடுங்கச் செய்து, வலி தெரியாததைக் கண்டார். படத்திலோ, வாயு ஏறிய நோயாளி சிரிப்பை நிறுத்துவதில்லை. சார்லி மரச் சுத்தியலால் ஒரு போடு போட்டு அடக்குகிறார். வலியைப் போக்க வந்த இடத்தில் இப்படியொரு வைத்தியம்!

இங்கேதான் எனக்கு உறுத்துகிறது. வைத்தியர் இல்லாத நேரத்தில் நாற்காலியில் சாய்ந்திருக்கும் பெண்ணின் மூக்கை இடுக்கியால் பிடித்துத் திருப்பி முத்தமிடுகிறார் சார்லி. தம்மைவிடக் குள்ளமான இன்னொரு எடுபிடியிடமும் கைவரிசையைக் காட்டுகிறார். இவை வெறும் கோமாளித்தனம் என்று தள்ளிவிட எனக்கு மனம் வரவில்லை. கிண்ணம் கழுவுகிறவனுக்கு ஒரு நாழிகை அதிகாரம் கிடைத்தால், அதைத் தன்னிலும் எளியவர்மீதுதான் செலுத்துகிறான். நம் ஆபீஸ்களில் பியூன் முதல் மானேஜர் வரை பார்க்காததா?

தெருவில் செங்கல் வீசிக்கொள்ளும் பகுதி வெறும் கூச்சல். கீஸ்டோன் கம்பெனியின் வழக்கமான சரக்கு. அதை மறந்துவிடலாம்.

1931-ல் 'சிட்டி லைட்ஸ்' எடுத்த சாப்ளினின் கருணையை எல்லோரும் மெச்சுகிறோம். அந்தக் கருணை பிறவியிலேயே வந்ததல்ல என்பதற்கு இந்தப் படம் சாட்சி. இதில் வரும் ஏழை நல்லவனல்ல, ஏழை மட்டுமே. அவனைக் கண்டு சிரிக்கும்போது நமக்குக் கொஞ்சம் கூச்சமும் வரவேண்டும். எனக்கு வந்தது.