வி. கே. மூர்த்தியின் ஒளி விளையாட்டு

ஆட்டக்காரன் ஒருவனின் திறமையை அவனுடைய அணி ஜெயித்த நாட்களை மட்டும் கொண்டு மதிப்பிடுவது நியாயமாகாது என்று மைதானத்தில் ஒப்புக்கொள்ளும் நாம், திரையரங்கத்துக்கு வந்தவுடன் வசூலைக் கொண்டே கலைஞனை எடைபோடுவது எனக்கு மிகுந்த வருத்தம் தரும் விஷயம். 1959இல் வெளிவந்து படுதோல்வியுற்ற, இயக்குநர் குரு தத்தின் 'காகஸ் கே பூல்' படத்தில்தான், மைசூர் தந்த ஒளிப்பதிவாளர் வி. கே. மூர்த்தி தம் வாழ்நாளின் உன்னதமான ஆட்டத்தை ஆடினார் என்பது என் திடமான அபிப்பிராயம்.

1923இல் மைசூரில் பிறந்து, வயலினில் பயிற்சி பெற்று, பெங்களூர் ஜெயசாமராஜேந்திர பாலிடெக்னிக்கில் ஒளிப்பதிவு கற்றுப் பம்பாய் சென்ற மூர்த்தி, 'பாஸி' (1951) படத்தில் உதவியாளராக இருந்தபோது, கண்ணாடிப் பிரதிபலிப்பில் தொடங்கி நகர்ந்து செல்லும் கடினமான காட்சியொன்றைத் தாமே யோசனை சொல்லித் தாமே எடுத்தும் காட்டினார். அடுத்த ஆண்டு 'ஜால்' படத்துக்கு அவரே ஒளிப்பதிவாளர்.

'காகஸ் கே பூல்', இந்தியாவின் முதல் சினிமாஸ்கோப் படம். அந்த அகன்ற சட்டம் முழுவதையும் வெளிச்சத்தால் நிரப்ப வேண்டும் என்ற சபலத்துக்கு இடங்கொடாமல், ஓரங்களை இருளுக்கே விட்டுவிட்டு, சூனியமான படப்பிடிப்புத் தளத்தின் விஸ்தாரத்தையே கதாநாயகனின் தனிமையாக அவர் மாற்றினார். நாயகனும் நாயகியும் எட்ட நிற்க, அவர்களுடைய சாயல்கள் மட்டும் உடலை நீங்கி ஒன்றை நோக்கி ஒன்று நடக்கும் அந்தப் பாடல் காட்சியில், மேலிருந்து சாய்ந்து இறங்கும் கிரணம் விளக்கொளியன்று. தளத்துக்கு வெளியே ஒரு பெரிய கண்ணாடியை நிறுத்திச் சூரியனைப் பிடித்து, உள்ளே உயரத்தில் வைத்த மற்றொரு கண்ணாடியால் அதைத் திருப்பி, புகையினூடே செலுத்திய சாக்ஷாத் வெயில். செயற்கை விளக்குகளின் கதிர்கள் விரிந்து போக, சூரியக் கதிர்கள் ஏறக்குறைய இணையாகவே வருவதனால்தான், அந்த ஒளித்தூணுக்கு அத்தனை கூர்மையான விளிம்பு வாய்த்தது. சூரியன் நகர நகரக் கண்ணாடியையும் திருப்பவேண்டிய அந்தப் பிரயாசையை, கையிலுள்ள சின்னக் கருவியிலேயே இருட்டையும் பதிவு செய்துவிடும் இன்றைய இளைஞர்கள் எண்ணிப் பார்க்கவேண்டும். குறையும் உண்டு: குரு தத்துக்குப் பிரியமான நெருக்கக் காட்சிகள் சிலவற்றில், முகத்தின் இருபுறமும் எஞ்சும் இடம் வெறுமையாகவே கிடக்கிறது.

இந்தப் படத்துக்கும், பின்னர் 'சாஹிப் பீபி அவுர் குலாம்' (1962) படத்துக்கும் அவர் ஃபிலிம்பேர் விருது பெற்றார். 2008ஆம் ஆண்டுக்கான பால்கே விருதைப் பெற்றபோது, அதை அடைந்த முதல் ஒளிப்பதிவாளர் என்ற கீர்த்தியும் சேர்ந்தது. ஆயினும் விருதுகளைவிட என் மனம் தங்குவது, 1962ஆம் ஆண்டுப் படத்தின் நடனக் காட்சியொன்றில்: நடுவில் ஆடும் நர்த்தகி பூரண ஒளியில் ஜொலிக்க, சுற்றியுள்ள பெண்கள் அனைவரும் முகமற்ற நிழல்களாகவே அசைகிறார்கள், ஆட்டம் எவ்வளவு வேகங்கொண்டாலும், ஒருத்தியின் முகத்தில்கூட ஒளி தவறி விழுவதில்லை.