வாங்கியவரை விட்டுவிட்ட வினைச்சொல்

லலிதா குமாரி வழக்கில் 2013 நவம்பர் 12 அன்று உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு தீர்ப்புச் சொன்னது. பிடியாணை இல்லாமலே கைது செய்யத்தக்க குற்றம் ஒன்றைப் பற்றித் தகவல் வந்தால் காவல் நிலையம் உடனே முதல் தகவல் அறிக்கை பதிந்தாக வேண்டுமா, விசாரித்துப் பார்த்துவிட்டு முடிவு செய்யலாமா என்பது கேள்வி. பதிந்தே ஆக வேண்டும் என்றது அமர்வு. அப்போதைய தலைமை நீதிபதி ப. சதாசிவம் எழுதிய அந்தத் தீர்ப்பில், புகாரைப் பதியாமல் விடும் பழக்கத்தைக் குறிக்க ஓர் அபூர்வமான ஆங்கில வினைச்சொல் வருகிறது. 'பர்க்' என்பது அந்தச் சொல். 2012இல் நாடு முழுவதும் பதிவான இத்தகைய குற்றங்கள் 60 லட்சத்துக்கு மேல். 'பர்க்' செய்யப்பட்டவையும் கிட்டத்தட்ட 60 லட்சம் இருக்கக்கூடும் என்று தீர்ப்பு கணிக்கிறது. ஆங்கிலம் பிறந்த நாட்டில் இந்தச் சொல்லைச் சொன்னால் பெரும்பாலோர் அகராதியைத் தேடுவார்கள். இந்தியக் காவல் துறையின் ஆங்கிலத்தில் அது இன்னும் மூச்சு விட்டுக்கொண்டிருக்கிறது. நடந்த செயலைக் காட்டுவதில் இதைவிடக் கூர்மையான சொல் கிடைப்பது அரிது என்பதை ஒப்புக்கொள்கிறேன். ஆனால் அந்தச் செயல் எதனால் நடந்தது என்று கேட்டால், அதே சொல் நம் பார்வையைத் தவறான ஆளிடம் திருப்பிவிடுகிறது. பிறந்த நாளிலிருந்தே அதனிடம் இருக்கும் குறை இது.

சொல்லின் பிறப்பு எடின்பரோ நகரில். வெஸ்ட் போர்ட் பகுதியில், டேனர்ஸ் குளோஸ் என்ற சந்தில், வில்லியம் ஹேர் குடியிருந்த மலிவான தங்கும் விடுதியில் 1827 கடைசியில் முதியவர் ஒருவர் நோயால் இறந்தார். வாடகை பாக்கி 4 பவுன். ஹேரும் அவன் நண்பன் வில்லியம் பர்க்கும் அந்த உடலை உடற்கூறு ஆசிரியர் ராபர்ட் நாக்ஸின் பள்ளிக்குக் கொண்டுபோய் 7 பவுன் 10 ஷில்லிங்குக்கு விற்றார்கள். அக்காலத்துச் சட்டம் அறுவைப் பாடத்துக்குப் பெரும்பாலும் தூக்கிலிடப்பட்டவர்களின் உடல்களைத்தான் அனுமதித்தது. மாணவர்கள் நூற்றுக்கணக்கில் இருந்தார்கள், உடல்கள் விரல்விட்டு எண்ணும் அளவில். நோயாளி தானாகச் சாகும்வரை காத்திருப்பானேன் என்ற எண்ணம் இருவருக்கும் வந்தது. 1828இல், ஓர் ஆண்டுக்குள், 16 பேரைக் கொன்றார்கள். முதலில் மது ஊற்றிக் கொடுப்பது. ஆள் மயங்கியதும் ஒருவன் மார்பின்மேல் ஏறி அழுத்துவது. மற்றவன் மூக்கையும் வாயையும் பொத்துவது. கத்தி இல்லை, கயிறு இல்லை, கழுத்தில் நகக்குறிகூட இல்லை. வாங்குகிறவருக்குச் சிதையாத உடல் வேண்டும் என்பதால் வந்த முறை இது. பிடிபட்ட பிறகு வழக்கு கிட்டத்தட்டத் தோற்கும் நிலைக்குப் போனதும் இதனால்தான். கடைசியாகக் கொல்லப்பட்ட மார்கரெட் டோகெர்ட்டியின் உடலைப் பார்த்த மருத்துவர்களால், இது கொலைதான் என்று அறுதியிட்டுச் சொல்ல முடியவில்லை. தடயம் பேசாததால் ஆள் பேச வேண்டியிருந்தது. ஹேருக்கு மன்னிப்பு அளித்து அவனையே சாட்சியாக்கினார்கள். 1829 ஜனவரி 28 அன்று பர்க் மட்டும் தூக்கில் தொங்கினான். சுற்றி நின்ற பெருங்கூட்டம், கயிறு எதற்கு, அவனையும் 'பர்க்' செய்யுங்கள் என்று கத்தியது. அகராதிக்காரர்கள் இந்த வினைச்சொல்லின் முதல் ஆட்சிகளில் ஒன்றாகக் காட்டுவது அந்தக் கூச்சலைத்தான். பெயர் வினையானபோது அதன் முதல் செயப்படுபொருள் அந்தப் பெயருக்கு உரியவனே.

பிறகு சொல் வேகமாக நடந்தது. டிக்கன்ஸின் பிக்விக் பேப்பர்ஸ் நாவல் 1836-37இல் தொடராக வந்தபோது, காணாமல் போன ஒருவரைப் பற்றிப் பேச்சு வரும் இடத்தில் பிக்விக் பயந்துபோய் இந்தச் சொல்லால் கேட்கிறார். டிக்கன்ஸ் அங்கே விளக்கம் எதுவும் சேர்க்கவில்லை, வாசகருக்குத் தேவைப்படவும் இல்லை. விரைவிலேயே மனிதரின் மூச்சை விட்டு, விவாதத்தின் மூச்சுக்குச் சொல் மாறியது. கேள்வியை, விசாரணையை, அறிக்கையை, ஒரு நூலை 'பர்க்' செய்தார்கள். ஆங்கிலத்தில் அடக்குவதற்கும் ஒடுக்குவதற்கும் தள்ளிப்போடுவதற்கும் வேறு வினைகள் ஏராளம் இருக்க, இதற்கு ஏன் இடம் கிடைத்தது? ஒடுக்குகிறவன் அதை வெளிப்படையாகச் செய்யலாம். தடை உத்தரவு போட்டு, கையெழுத்திட்டு ஒடுக்கலாம். கிடப்பில் போடுகிறவன் கோப்பையாவது மிச்சம் வைக்கிறான். 'பர்க்' செய்கிறவனிடம் மூன்று குணங்கள் ஒன்றாக இருக்க வேண்டும்: சத்தம் எழக் கூடாது, தடயம் மிஞ்சக் கூடாது, அந்த மௌனத்தால் யாருக்கோ ஆதாயம் இருக்க வேண்டும். இந்த மூன்றையும் ஒரே அசையில் சொல்லும் வேறு சொல் ஆங்கிலத்தில் எனக்குத் தெரிந்து இல்லை.

இந்தியக் காவல் நிலையத்தின் மேசைக்கு இது எவ்வளவு பொருந்துகிறது என்று பார்க்கலாம். பேருந்து நிறுத்தத்தில் ஒரு பெண்ணின் கையிலிருந்து செல்பேசியைப் பறித்துக்கொண்டு இரு சக்கர வாகனத்தில் ஒருவன் போய்விடுகிறான். அவர் நிலையத்துக்கு வந்து மனு எழுதுகிறார். மேசைக்கு அந்தப் பக்கம் இருப்பவர் படித்துவிட்டு, தாளைத் திருப்பிக் கொடுக்கிறார்: "பறிச்சுட்டுப் போனான்னு எழுதாதீங்கம்மா, காணாமப் போச்சுன்னு எழுதுங்க. சிம் வாங்குறதுக்கு அது போதும்." அவர் இன்னொரு தாள் வாங்கி எழுதுகிறார். மனு பெற்றதற்கான சி.எஸ்.ஆர். ரசீது கிடைக்கிறது. முத்திரை இருக்கிறது, எண் இருக்கிறது, கையில் காகிதத்தோடுதான் திரும்பிப் போகிறார். ஒரு வழிப்பறி அங்கே இறந்துவிட்டது. உடலில் கீறல் இல்லை. யாரும் அவரை விரட்டவில்லை, குரலை உயர்த்தவில்லை. அதட்டி அனுப்பியிருந்தால் மேலதிகாரியிடம் சொல்லவாவது ஏதாவது இருந்திருக்கும். இதைப் 'பதியாமை' என்று எழுதினால், எதுவோ நடக்காமல் போனது என்ற பொருள்தான் வருகிறது. 'பர்க்' என்று எழுதும்போது ஒருவர் ஒன்றைச் செய்தார் என்று ஆகிறது. விடுபட்டதாகத் தோன்றுவதைச் செய்யப்பட்டதாகக் காட்டுவதே இந்தச் சொல்லின் பலம். சட்டத்துக்கும் இந்த வேறுபாடு முக்கியம். பாலியல் வன்கொடுமை, அமில வீச்சு போன்ற சில குற்றங்களில் தகவலைப் பதிய மறுக்கும் அதிகாரிக்கு ஆறு மாதத்துக்குக் குறையாத சிறைத் தண்டனை என்று 2013இல் கொண்டுவரப்பட்ட பிரிவு, பதியாமல் இருப்பதை ஒரு குற்றச் செயலாகவே எண்ணுகிறது.

ஒரு சொல்லின் பூர்வீகத்தைத் தோண்டி அதன் இன்றைய பொருளைத் தீர்மானிக்கக் கூடாது என்று மொழியியல் அறிந்தவர்கள் மறுக்கலாம். 'பர்க்' என்று குறிப்பெழுதும் ஆய்வாளர் யாரும் எடின்பரோவை நினைப்பதில்லை. அவருக்கு அது பதியாமையைக் குறிக்கும் துறைச் சொல், அவ்வளவே. பொதுவாக இந்த வாதம் சரி. நாற்றம் என்ற சொல்லைச் சங்க காலத்துப் பொருளில் இன்று யாரும் எடுத்துக்கொள்வதில்லை. ஆனால் பொருள் மாறிய சொல்லுக்கும், பொருள் மாறாமல் பின்னணி மட்டும் மறந்துபோன சொல்லுக்கும் வேறுபாடு உண்டு. 'பர்க்' இரண்டாவது வகை. அதன் உருவகம் இன்றும் உள்ளே வேலை செய்கிறது: ஒரு கை, ஒரு வாய், ஒரு மௌனம். சொல்லைப் பயன்படுத்துகிறவர் மறந்திருந்தாலும், அந்தச் சொல் குற்றத்தை எப்படிப் படம் போட்டுக் காட்டுகிறதோ அப்படியேதான் அவரும் காண்கிறார். அந்தப் படத்தில் ஓர் ஆள் குறைகிறார்.

அவர் நாக்ஸ். எடின்பரோ தெருப் பிள்ளைகள் அந்நாளில் பாடித் திரிந்த பாட்டு ஒன்றில் பர்க், ஹேர் இருவரோடு, வாங்கியவர் என்று நாக்ஸின் பெயரும் வருகிறது. பிள்ளைகளுக்குத் தெரிந்த மூன்று பெயர்களில் ஒன்று மட்டுமே வினைச்சொல் ஆயிற்று. நாக்ஸ் மீது வழக்கே தொடுக்கப்படவில்லை. நகரத்தில் எல்லோருக்கும் தெரிந்த ஜேமி வில்சன் என்ற இளைஞனின் உடல் மேசைக்கு வந்தபோது மாணவர்கள் அடையாளம் கண்டார்கள், நாக்ஸ் மறுத்தார் என்று அக்கால விவரங்கள் சொல்கின்றன. இத்தனை புதிய உடல்கள் எங்கிருந்து வருகின்றன என்று கேட்காமல் இருப்பதற்கு ஒரு சௌகரியம் இருந்தது. இதைத் தமிழில் எழுதும்போதும் கொன்றவனுக்கு 'ஆன்' விகுதியும் வாங்கியவருக்கு 'ஆர்' விகுதியும் தாமாக வந்து விழுவதைக் கவனிக்கிறேன்; மொழிக்குள் படிந்திருக்கும் மரியாதைக் கணக்கு அது. பர்க் செத்ததால் தொழில் நிற்கவில்லை. 1831இல் லண்டனில் இதே காரணத்துக்காக இதே கொலை நடந்து இருவர் தூக்கிலிடப்பட்டார்கள். 1832இல் உடற்கூறுச் சட்டம் வந்து, உரிமை கோரப்படாத உடல்களைப் பள்ளிகளுக்குத் தர வழி செய்த பிறகுதான் இந்தச் சந்தை சரிந்தது. ஏழை விடுதிகளில் இறந்தவர்களின் மேல்தான் அந்தச் சட்டத்தின் சுமை விழுந்தது என்பது வேறொரு அநீதி. ஆனால் கொலைகளுக்குக் காரணம் கொலையாளியின் கை மட்டுமே என்ற எண்ணத்தை அது உடைத்தது. விலை கொடுக்க ஒருவர் காத்திருக்கும்வரை கை ஒன்று கிடைத்துக்கொண்டேயிருக்கும்.

செல்பேசி பறிபோன பெண்ணின் மனுவைத் திருப்பிக் கொடுத்தவருக்கு அதில் என்ன ஆதாயம்? பல நேரம் பணம் இல்லை. மாதாந்திரக் கூட்டத்தில் சென்ற ஆண்டின் இதே மாதத்தோடு ஒப்பிட்டு எண்கள் வாசிக்கப்படும். கூடியிருந்தால் நிலைய அதிகாரி எழுந்து நின்று பதில் சொல்ல வேண்டும். அந்த எண் மாவட்டத்துக்குப் போகும், தலைமையகத்துக்குப் போகும், குற்றங்கள் குறைந்தன என்ற அறிக்கையாகச் சட்டமன்றத்தில் வந்து நிற்கும். குற்ற எண்ணிக்கையை வைத்து அதிகாரியின் திறமையை அளந்தால் குற்றம் பதியப்படாது என்று 1977இல் அமைக்கப்பட்ட தேசியக் காவல் ஆணையமே எச்சரித்தது. எண்ணிக்கை கூடினால் ஊர் கெட்டுவிட்டது என்று தலைப்பிடும் பத்திரிகைகளும், அதைப் படித்து அப்படியே நம்பும் நாமும் இந்தச் சந்தையில் வாங்குகிறவர்கள்தாம். ஒரு நிலையத்தில் பதிவுகள் கூடியிருப்பது மக்கள் அச்சமில்லாமல் உள்ளே வருவதன் அடையாளமாகவும் இருக்கலாம். ஆனால் 'பர்க்' என்ற சொல் பதிவாளரின் மேசையோடு நின்றுவிடுகிறது. எண்ணைக் கேட்டு வாங்கியவர்களுக்கு அதில் பெயரே இல்லை. தண்டனைப் பிரிவும் அதே மேசையில்தான் நிற்கிறது.

பதியாத ஒவ்வொரு புகாரையும் கொலைகாரன் பெயரால் அழைப்பது நேர்மையாகப் பணிபுரியும் காவலருக்குச் செய்யும் அநியாயம் என்ற மறுப்புக்குப் பதில் சொல்லியாக வேண்டும். சொத்துத் தகராறில் எதிராளியை மடக்கப் பொய்ப் புகார் வருவதுண்டு. கொடுக்கல் வாங்கல் பிரச்சினை மோசடி வழக்காக உருமாறி வருவதுண்டு. லலிதா குமாரி தீர்ப்பே குடும்பத் தகராறு, வணிகக் குற்றம், மருத்துவக் கவனக்குறைவு, ஊழல் முதலியவற்றில் முதற்கட்ட விசாரணைக்கு இடம் தந்தது. 2024 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்த புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா இன்னும் தாராளமாக, மூன்றாண்டு முதல் ஏழாண்டுக்கு உட்பட்ட தண்டனைக்குரிய குற்றங்களில், துணைக் கண்காணிப்பாளரின் அனுமதியோடு 14 நாட்களுக்குள் அந்த விசாரணையை முடிக்கச் சொல்கிறது. இங்கேதான் சொல்லின் கூர்மை காவலருக்கும் பயன்படுகிறது. அனுமதி எழுத்தில் இருந்து, காரணம் பதிவாகி, முடிவு மனுதாரருக்குத் தெரிவிக்கப்பட்டால் அங்கே தடயம் இருக்கிறது. அதை 'பர்க்' என்று யாரும் சொல்ல முடியாது. 14 நாள் கடந்து, காகிதமும் இல்லாமல், அலைந்து சலித்து மனுதாரரே வராமல் போனால் அதற்குப் பெயர் இதுதான். ஆகவே எல்லாப் பதியாமைக்கும் இந்தச் சொல்லைத் தாராளமாக வீசும் வழக்கம்தான் கைவிடப்பட வேண்டியது. சொல்லை அதன் மூன்று குணங்களுக்குள் நிறுத்தினால் அநியாயம் வராது.

மிச்சமிருக்கும் குறை, இந்தச் சொல் யாரிடம் புழங்குகிறது என்பது. ஆய்வறிக்கையிலும் தீர்ப்பிலும் பயிற்சி வகுப்பிலும் அது இருக்கிறது. மனுவோடு வரிசையில் நிற்பவருக்கு அது தெரியாது. தமக்கு நேர்ந்ததன் பெயரைத் தாமே சொல்ல முடியாத நிலையில், அவர் மேல்முறையீட்டில் என்ன எழுதுவார்? துறைச் சொல் சுருக்கமானது, அதிகாரிகளுக்குள் ஐயமில்லாமல் பொருள் தருவது என்பதை ஏற்கலாம். ஆனால் தமிழில் அதற்கு ஈடான சொல் புதிதாக ஆக்கப்பட வேண்டியதில்லை. 'கேஸை அமுக்கிட்டாங்க' என்று எந்தத் தேநீர்க் கடையிலும் சொல்வார்கள். அமுக்குதல் என்றால் முதலில் உடலால் அழுத்துவது. தூக்கத்தில் மார்பின்மேல் ஏறி மூச்சை அடைப்பதாகச் சொல்லப்படும் அமுக்குவான் பேயின் பெயரில் பர்க்கின் செயல்முறை அப்படியே இருக்கிறது. சத்தம் வராமல் மறைப்பதும் அமுக்குவது. பிறர் பொருளைக் கமுக்கமாக எடுத்துக்கொள்வதும் அமுக்குவது. மௌனமும் ஆதாயமும் ஒரே வினைக்குள் அடங்கிவிட்டன. எந்த ஒரு மனிதனின் பெயரும் அதில் ஒட்டியிருக்கவில்லை என்பதால், பழி ஒருவனோடு நின்றுவிடுவதில்லை. அமுக்கிட்டாங்க என்று யாராவது சொன்னால், கேட்டவர் அடுத்துக் கேட்பது "யார் சொல்லி?" என்பதுதான்.

எடின்பரோ வழக்கு எப்படி வெளியே வந்தது என்பதையும் பர்க் என்ற சொல் சொல்வதில்லை. டோகெர்ட்டியின் உடலைப் படுக்கை ஓரத்து வைக்கோலுக்கு அடியில் முதலில் கண்டவர்கள், பர்க்கின் வீட்டில் தங்கியிருந்த ஆன் கிரேயும் அவர் கணவர் ஜேம்ஸும். வெளியே சொல்லாமல் இருந்தால் வாரம் 10 பவுன் வரை கிடைக்கும் என்று பர்க்கின் துணைவி கெஞ்சினாள். ஓர் உடலுக்கு நாக்ஸின் பள்ளி தந்த உச்ச விலையும் ஏறக்குறைய அதுதான். கையில் காசில்லாத அந்த இருவரும் மறுத்துவிட்டு, காவல் துறைக்குத் தகவல் சொன்னார்கள். போலீஸார் வந்து பார்க்கும்போது உடல் அங்கே இல்லை. மறுநாள் அது நாக்ஸின் பள்ளியில் கிடைத்தது.