மாணவர் கூட்டிச்செல்லும் வளாக நடை: ஹோங்கோவை முன்வைத்து ஒரு திறனாய்வு

டோக்கியோ பல்கலைக்கழகத்தின் ஹோங்கோ வளாகத்தை வெளியாருக்குச் சுற்றிக்காட்டுவோரில் அங்கே படிக்கும் மாணவர்களும் உண்டு. சிறு குழு ஒன்றை ஒருவரோ இருவரோ முன்நின்று அழைத்துச் செல்வர். வாயில், மரச்சாலை, மண்டபம், நூலகம், குளம் என ஒவ்வோர் இடமாக நடந்தே போவர். நிற்கும் இடத்தில் சில நிமிடப் பேச்சு, பிறகு கேள்வி, பிறகு அடுத்த இடம். வசேதா உள்ளிட்ட தனியார் பல்கலைக்கழகங்களிலும் இவ்வழக்கம் உள்ளது. நுழைவுத் தேர்வுக்குத் தயாராகும் உயர்நிலைப் பள்ளி மாணவர், அவர்களின் பெற்றோர், அக்கம்பக்கத்து முதியவர், வெளிநாட்டுப் பயணி என வருவோர் பலதரப்பட்டவர்கள்.

இவ்வழக்கம் பரவியதற்கான காரணங்கள் வெளிப்படையானவை. ஜப்பானில் 18 வயதினரின் எண்ணிக்கை 1992இல் 20 லட்சத்தைத் தாண்டியிருந்தது. இப்போது 11 லட்சம் அளவுக்குச் சுருங்கிவிட்டது. 2004இல் தேசியப் பல்கலைக்கழகங்கள் அரசின் நேரடி நிர்வாகத்திலிருந்து பிரிந்து தனித்தனி நிறுவனங்களாயின. மாணவரைத் தேடிப்போக வேண்டிய நெருக்கடி தனியார் பல்கலைக்கழகங்களுக்கு வந்தது. மக்களுக்குத் தம்மை விளக்கிச் சொல்ல வேண்டிய கடமை தேசியப் பல்கலைக்கழகங்களுக்குக் கூடியது. இரண்டுக்கும் செலவு குறைந்த, முகம் இனிய வழியாக மாணவர் நடை அமைந்தது. எனவே பிறப்பிலேயே இது கல்வி, விளம்பரம் என்னும் இரண்டு வேலைகளைச் சுமக்கிறது. இதன் நிறைகளும் குறைகளும் பெரும்பாலும் இந்த இரட்டைச் சுமையிலிருந்தே வருகின்றன.

நிலத்தைப் படிக்கும் முறை

ஹோங்கோ நடந்து படிக்கத்தக்க நிலம். ஷோகன்கள் ஜப்பானை ஆண்ட எடோ காலத்தில் அது காகா நாட்டை ஆண்ட மயேதா குடும்பத்தின் டோக்கியோ மாளிகை. 1827இல் ஷோகன் தொகுகாவா இயேநாரியின் மகள் மயேதா நாரியாசுவை மணந்து வந்தபோது அவளுக்காக எழுப்பிய வாயில்தான் அகாமோன் என்னும் செவ்வாயில். ஷோகனின் மகளை மணக்கும் உயர்நிலைச் சிற்றரசர் வீட்டில் செந்நிற வாயில் அமைப்பது அக்கால முறை. வாயிலின் கூரையை உற்றுப் பார்த்தால் இருவேறு குலச் சின்னங்கள் தெரியும்: முகட்டில் தொகுகாவாக்களின் இலைச் சின்னம், தாழ்வார ஓடுகளில் மயேதாக்களின் பிளம் மலர். சில ஓடுகளில் கல்வியைக் குறிக்கும் எழுத்து பொறிக்கப்பட்டிருக்கிறது. அது பல்கலைக்கழகம் வந்தபின் சேர்ந்தது. திருமணம், குலப் பெருமை, நவீனக் கல்வி ஆகிய மூன்றும் ஒரே கூரையில் இருக்கின்றன. நூலில் இதை விளக்கப் படமும் பத்தியும் வேண்டும். நடையில் வழிகாட்டியின் விரல் போதும்.

பல்கலைக்கழகத்தின் விழா மண்டபமான யாசுதா மண்டபத்திலும் இப்படித்தான். சரிவான நிலத்தில் கட்டிய கட்டடம் என்பதால் முன்வாயிலில் நுழைபவர் உண்மையில் மூன்றாம் தளத்தில் நிற்கிறார். வரைபடம் இதைக் காட்டாது. பக்கவாட்டில் இறங்கி நடந்த கால்களுக்குத் தெரியும். அங்கிருந்து சற்று இறங்கினால் மயேதா தோட்டத்தின் எச்சமான குளம். நட்சுமே சோசெகி 1908இல் எழுதிய ‘சன்ஷிரோ’ நாவலில் இடம்பெற்ற பின் அது சன்ஷிரோ குளம் ஆனது. மரங்கள் அடர்ந்த பள்ளத்தில் நகரின் இரைச்சல் மங்குவதைக் கேட்டால், சிற்றரசரின் தோட்டம் எப்படிப்பட்டதென்று சொல்லாமலே புரியும். நிலத்தின் ஏற்ற இறக்கத்தையும் தொலைவையும் ஒலியையும் வரலாற்றுச் சான்றாக்குவதே நடையின் முதல் நிறை.

மாணவரே சான்று

இரண்டாவது நிறை வழிகாட்டியைச் சார்ந்தது. இப்பல்கலைக்கழகத்தில் இளநிலை மாணவர் முதல் இரண்டு ஆண்டுகள் மேகுரோ பகுதியிலுள்ள கொமாபா வளாகத்தில் பொதுக்கல்வி பயில்கின்றனர். அங்கே பெறும் மதிப்பெண்ணும் அவர்கள் தெரிவிக்கும் விருப்பமும் சேர்ந்தே எந்தத் துறைக்குப் போகலாம் என்பதை முடிவு செய்யும். இந்த விதியைக் கையேடு நான்கு வரியில் சொல்லிவிடும். நுழைவுத் தேர்வோடு போட்டி முடிந்துவிட்டது என்று நம்பி வந்தவருக்கு மீண்டும் மதிப்பெண் கணக்குப் பார்க்க நேர்வது எப்படியிருக்கும் என்பதைக் கையேடு சொல்லாது. அதைக் கடந்து வந்த மாணவர் சொல்லலாம். சில ஆண்டுகள் கழித்து அதே இடத்தில் நிற்கப்போகும் பள்ளி மாணவருக்கு நடையின் பயனே அதுதான்.

பெண்கள் நிலையும் இத்தகையது. இங்கே முதன்முதலாகப் பெண்கள் சேர்ந்தது 1946இல். அவ்வாண்டு நுழைந்தவர் 19 பேர். இன்றும் இளநிலை மாணவரில் பெண்கள் ஏறத்தாழ ஐந்தில் ஒரு பங்கினரே. வழிகாட்டி பெண்ணாக இருந்து, குழுவிலுள்ள பள்ளி மாணவி ஒருத்தி தயங்கித் தயங்கி அதுபற்றிக் கேட்டால், வரும் பதில் எந்தக் கல்வெட்டிலும் இல்லாதது. இத்தகைய இடங்களில் மாணவர் வரலாற்றை எடுத்துரைப்பவராக மட்டும் இல்லை; தாமே அதன் சான்றாகவும் இருக்கிறார்.

மூன்றாவது பயன் வழிகாட்டிக்கு. எட்டு வயதுப் பிள்ளைக்கும் எண்பது வயதுப் பெரியவருக்கும் ஒரே நேரத்தில் விளங்கப் பேசுவது, தெரியாததைத் தெரியாது என்று ஒப்புக்கொள்வது, வகுப்பு நடக்கும் கட்டடத்தருகே குரலைத் தாழ்த்துவது ஆகியவை பாடத்திட்டம் கற்றுத்தராத பயிற்சிகள்.

இடம்மாறும் நம்பகம்

குறைகள் இதே நிறைகளின் மறுபக்கம். மாணவர் தம் வாழ்வைப் பற்றிப் பேசும்போது எழும் நம்பிக்கை, அவர் 1827 திருமணத்தைப் பற்றியோ 1923 நிலநடுக்கத்தைப் பற்றியோ பேசும்போதும் தொடர்கிறது. அந்தச் செய்திகள் அவர் வாழ்ந்து அறிந்தவை அல்ல. முந்தைய வழிகாட்டிகள் எழுதிவைத்த உரையிலிருந்து வருபவை. கேட்பவர் காதில் இரண்டும் ஒரே குரலில் விழுகின்றன. அலுவலர் ஒருவர் சீருடையில் வந்து பேசினால் இது நிறுவனத்தின் கூற்று என்று கேட்பவர் சற்று விலகி நின்று எடைபோடுவார். மாணவரின் இளமை அந்த விலகலை அழித்துவிடுகிறது. உரை நிறுவனத்தினுடையது, நம்பகம் மாணவருடையது; இப்படி நம்பகம் இடம்மாறுவதே இந்நடையின் அடிப்படைக் குறை.

யாசுதா மண்டபத்தின் முன் இது கூர்மையாகத் தெரியும். அங்கே சொல்வதற்கு நிறைய இருக்கிறது. பெருவணிகர் யாசுதா சென்ஜிரோ பெயர் வெளியிடாமல் பணம் தந்தார். 1921இல், நன்கொடை தர மறுத்த கஞ்சன் என்ற சினத்தில் ஒருவன் அவரைக் கொன்றான். 1923 நிலநடுக்கத்தில் கட்டுமானம் தடைபட்டு 1925இல் முடிந்தது. உச்சிதா யோஷிகாசுவும் கிஷிதா ஹிதேத்தோவும் அதை வடிவமைத்தனர். சில நிமிடத்தை நிரப்ப இவையே போதும். அதே மண்டபம்தான் 1968, 1969 மாணவர் போராட்டத்தின் மையம். அதை “மாணவர் கைப்பற்றினர், காவல்துறை அகற்றியது” என்று ஒரே வரியில் முடித்தால் பொய் எதுவும் இல்லை. காரணம் மட்டும் இல்லை.

அக்காரணத்தை நிதானமாகவே சொல்ல வேண்டும். மருத்துவ மாணவரின் ஊதியமில்லாப் பயிற்சிக்கால முறையை எதிர்த்து எழுந்த பிணக்கில் 17 பேர் தண்டிக்கப்பட்டனர்; அவர்களில் ஒருவர் தண்டனைக்குக் காரணமான சம்பவம் நடந்த இடத்திலேயே இல்லாதவர். 1968 ஜூனில் மண்டபம் கைப்பற்றப்பட்டது. இரண்டு நாளில் பல்கலைக்கழகத் தலைவர் கலவரத் தடுப்புக் காவலரை வளாகத்துக்குள் அழைத்தார். அதுவரை ஒதுங்கியிருந்த பிற துறை மாணவரையும் போராட்டத்துக்குள் இழுத்தது அந்த முடிவுதான். 1969 ஜனவரி 18, 19 தேதிகளில் ஏறத்தாழ 8,500 காவலர் நீர்ப்பீரங்கியும் கண்ணீர்ப்புகையும் கொண்டு மண்டபத்தை மீட்டனர். அவ்வாண்டு நுழைவுத் தேர்வே நடக்கவில்லை. சேதமுற்ற மண்டபம் ஏறத்தாழ இருபது ஆண்டுகள் விழாக்களுக்குப் பயன்படாமல் கிடந்தது.

மாணவர் எழுப்பிய முறையீட்டை அரைநூற்றாண்டு கழித்து இன்னொரு மாணவரே சொல்வது இந்நடையின் உச்சமாக அமையக்கூடியது. வடிவம் அதற்கு இடம் தருவதில்லை. வழிகாட்டி விருந்தோம்பும் நிலையில் இருக்கிறார்; மரியாதைச் சொற்களால் நெய்த ஜப்பானிய விருந்தோம்பல் பேச்சில் வீட்டுச் சண்டையை விரித்துப் பேச வழியில்லை. யார் பக்கம் நியாயம் என்று கேட்டால் பதில் சொல்லும் உரிமை அவருக்கு உண்டா என்பதும் தெளிவில்லை. தணிக்கை என்று எதுவும் வேண்டியதில்லை. நேரக் கணக்கும் இங்கிதமும் அந்த வேலையைச் செய்துவிடுகின்றன.

நிற்பவையும் நின்றுபோனவையும்

நடை கண்ணுக்குத் தெரிவதைப் பெரிதாக்கும், அழிந்ததைச் சிறிதாக்கும். 1923 செப்டம்பர் 1 நிலநடுக்கத்தைத் தொடர்ந்த தீயில் நூலகமும் 7 லட்சத்துக்கும் மேற்பட்ட நூல்களும் எரிந்தன. இன்று நிற்பது ஜான் டி. ராக்ஃபெல்லர் ஜூனியர் தந்த 40 லட்சம் யென் நன்கொடையில் 1928இல் முடிந்த கட்டடம். அதன் முகப்பு அடுக்கிவைத்த புத்தக முதுகுகள் போலத் தோன்றும் என்ற குறிப்பு கேட்பவருக்குப் பிடிக்கும். எரிந்த நூல்களுக்குக் காட்ட முகப்பு இல்லாததால் அவை ஓர் எண்ணாகச் சுருங்கும். ஆனாலும் தேர்ந்த வழிகாட்டி இதைத் திருப்பிவிடலாம்: வளாகத்தின் கூர்வளைவுக் கட்டடங்கள் பலவும் ஏன் ஒரே சாயலில் உள்ளன என்று கேட்டால், அந்த ஒற்றுமையே அழிவின் தடம். பேரழிவுக்குப் பிறகு உச்சிதாவின் தலைமையில் அவை ஏறக்குறைய ஒரே காலத்தில் எழுந்தவை.

சுவையான கதை இடத்தையும் நிகழ்ச்சியையும் குழப்புவது இன்னொரு குறை. வேளாண்மைத் துறை வளாகத்தில் பேராசிரியர் உயெனோ ஹிதேசாபுரோவும், அவர் இறந்த பின்னும் அவருக்காகக் காத்திருந்து புகழ்பெற்ற ஹச்சிகோ நாயும் ஒருவரையொருவர் கண்டு மகிழும் சிலை உள்ளது. ஹச்சிகோ இறந்து 80 ஆண்டு நிறைந்த 2015 மார்ச் 8 அன்று அது திறக்கப்பட்டது. அதைப் பார்ப்பவர் அக்கதை இங்கேயே நடந்ததாக எண்ணித் திரும்பக்கூடும். நாய் காத்திருந்தது ஷிபுயா நிலையத்தில். உயெனோ 1925இல் இறந்தபோது வேளாண்மைத் துறை கொமாபாவில் இருந்தது. இங்கே இடம்மாறியது 1935இல். சிலைக்கு அருகிலேயே, துறையின் காட்சியகத்தில், ஹச்சிகோவின் உடலுறுப்புகள் ஆய்வுப்பொருளாகப் பாதுகாக்கப்படுகின்றன. உருக்கமான சிலையைவிட அந்தக் கண்ணாடிக் கலம் உறுதியான சான்று. நடையில் சிலைக்கே நேரம் கிடைக்கும்.

கதையே கூடாது என்பதல்ல. வசேதாவில் 1928இல் திறந்த நாடக அருங்காட்சியகத்தின் முன், ஷேக்ஸ்பியரை முழுவதும் மொழிபெயர்த்த சுபோவுச்சி ஷோயோவின் சிலை நிற்கிறது. அதன் வலக்கையைப் பிடித்தால் நுழைவுத் தேர்வில் வெற்றி என்ற நம்பிக்கையால், பலர் தொட்டுத் தொட்டு அந்தக் கை மட்டும் பளபளக்கிறது. இதை நம்பிக்கை என்றே சொல்லிக் காட்டும்போது யாரும் ஏமாறுவதில்லை. தேர்வு அச்சம் வெண்கலத்தைத் தேய்த்த கதை அதுவே ஒரு சமூகச் செய்தி.

கடைசிக் குறை காலத்தினுடையது. கொமாபாவில் இரண்டாண்டு கழித்து வரும் இளநிலை மாணவருக்கு ஹோங்கோவில் மிஞ்சுவது பெரும்பாலும் இரண்டே ஆண்டு. அதிலும் வேலை தேடும் படலம் குறுக்கிடும். வழிகாட்டி தேர்ச்சி பெறும் வேளையில் விடைபெறுகிறார். உரை மட்டும் கைமாறுகிறது; அதைத் திருத்தும் அனுபவம் கைமாறுவதில்லை. ஒருமுறை புகுந்த பிழை நெடுங்காலம் நிலைக்க இதுவே காரணம்.

திருத்தத்தக்கவை

இக்குறைகளில் பலவற்றை வடிவத்துக்குள்ளேயே சரிசெய்யலாம். முதலாவது, ஆவணத்தில் உள்ளது, வழிவழியாகச் சொல்லப்படுவது, தாம் கண்டது என மூன்றையும் வழிகாட்டி வாய்விட்டுப் பிரித்துச் சொல்வது. இரண்டாவது, பேச்சுக்குரிய உரையை ஆண்டுக்கொருமுறை வரலாற்றுத் துறையினரோ ஆவணக் காப்பகத்தாரோ சரிபார்ப்பது. மூன்றாவது, பத்து நிறுத்தங்களை ஆறாகக் குறைத்து, யாசுதா மண்டபம் போன்ற ஓரிடத்தில் இருபது நிமிடம் நிற்பது.

இதற்கு முன்மாதிரி வளாகத்திலேயே இருக்கிறது. போதிய நிலநடுக்கத் தாங்குதிறன் இல்லையென 2021 பிப்ரவரியில் அகாமோன் மூடப்பட்டது. நுழைய முடியாத வாயிலின் முன் நிற்கும் வழிகாட்டி, அது ஏன் மூடியிருக்கிறது என்பதிலிருந்தே பேச்சைத் தொடங்க வேண்டியதாயிற்று. அங்கே பெருமையும் பலவீனமும் ஒன்றாகச் சொல்லப்படுகின்றன. அதனால் வாயிலின் மதிப்புக் குறைந்துவிடவில்லை. மூடிய கதவுக்குக் காரணம் சொல்ல முடிகிற நடை, 1969 ஜனவரிக்கும் காரணம் சொல்லக்கூடியதே.