கோட்டையும் சிவப்பு அட்டையும்

காஃப்காவின் ‘கோட்டை’ நாவலைக் கெட்டகனவு என்பவர்களோடு எனக்கு உடன்பாடில்லை. நில அளவையாளன் க.வுக்கு நேர்வது சாதாரண அலுவலகக் குளறுபடி. ஒரு துறைக்குப் போகவேண்டிய கோப்பு இன்னொரு துறைக்குப் போகிறது. அதுவும் வெற்று உறையாக. ஊர்த்தலைவர் வீட்டில் தாளைத் தேடிக் கிடைக்காமல், அலமாரியைப் படுக்கப்போட்டு, கதவுமேல் உட்கார்ந்து மூடப் பார்க்கிறார்கள். அந்த இடத்தில் சிரித்துவிட்டேன்.

அப்புறம் பாட்டி ஞாபகம் வந்தது. இங்கேயே பிறந்தவங்க, பிறப்புப் பத்திரம்தான் இல்லை. சிவப்பு அடையாள அட்டையோடயே செத்துப்போனாங்க. கவுண்டரில் யாரும் அவரைத் திட்டியதில்லை. ‘அடுத்த மாசம் வாங்க’ என்று மரியாதையாகத்தான் அனுப்பினார்கள்.

நான் வாசித்த சிவப்பு அட்டைக் கதைகள் பலவும் கவுண்டருக்குப் பின்னால் ஒரு கொடியவனை உட்காரவைக்கின்றன. அவனைத் திட்டியதும் கதை முடிந்துவிடுகிறது. காஃப்கா 1908 முதல் 1922 வரை பிராகில் தொழிலாளர் விபத்துக் காப்பீட்டு நிறுவனத்தில் வேலை பார்த்தவர். மேசைக்கு அந்தப் பக்கம் இருந்தவர். அவர் நாவலில் அமைப்புதான் பிரச்சினை. தன்னிடம் தவறே நேராது என்று அது நம்புகிறது. அப்படியானால் தவறு எதிரே நிற்கும் மனிதனுடையதாகத்தான் இருக்கவேண்டும்.

கவுண்டரில் இருப்பவர் நல்லவராகவே இருக்கும் ஒரு கதையை நம்மவர் யாராவது எழுதவேண்டும். பாட்டிக்கு நடந்தது அதுதான்.