இடைக்காலத் தேர்தலும் அணிமாற்றக் கோட்பாடும்: 1854 பற்றிய ஒரு நோக்கு

ஐக்கிய அமெரிக்கக் கட்சி வரலாற்றை ஆராய்ந்தோரிடையே அணிமாற்றத் தேர்தல் எனும் கருத்து நெடுங்காலம் செல்வாக்குப் பெற்றிருந்தது. வி. ஓ. கீ 1955இல் எழுதிய கட்டுரையில் அதற்கு அடித்தளமிட்டார். வோல்ரர் டீன் பேர்ண்ஹாம் 1970இல் வெளியிட்ட நூலில் அதனை ஒரு காலவட்டக் கோட்பாடாகவே விரித்தார். 2002இல் டேவிட் மேஹ்யூ அவ்வட்டங்களையே ஐயுற்றார். எனினும் கோட்பாட்டாளர் நாட்டிய மைல்கற்களான 1860, 1896, 1932 ஆகிய யாவும் சனாதிபதித் தேர்தல் ஆண்டுகள் என்பது போதிய கவனம் பெறவில்லை. பழைய கட்சிமுறை உண்மையிற் சிதைந்தது ஓர் இடைக்காலத் தேர்தலிலேயாகும்.

செனற்றர் ஸ்ரீபன் டக்ளஸ் முன்னின்று நிறைவேற்றிய கன்சாஸ்–நெப்ராஸ்காச் சட்டம் 1854 மே 30இற் கைச்சாத்திடப்பட்டது. அடிமைமுறையின் பரவலுக்கு எல்லையிட்டிருந்த 1820ஆம் ஆண்டின் மிசூரி இணக்கப்பாடு இதனால் நீக்கப்பட்டது. பிரதிநிதிகள் சபையில் இச்சட்டத்தை ஆதரித்த வடபகுதி ஜனநாயகக் கட்சியினர் 44 பேருள் 7 பேரே மீண்டும் தெரிவாயினர். தண்டனை தெளிவானது. ஆயின் தண்டித்தவர் எக்கட்சியினர்?

இவ்வினாவிலேயே சிக்கல் தொடங்குகிறது. மிச்சிகனிற் குடியரசுக் கட்சி என்ற பெயர் தோன்றிவிட்டது. இந்தியானாவில் அதே எதிர்ப்பு மக்கள் கட்சி என வழங்கிற்று. மசச்சூசெற்சிலோ, கத்தோலிக்கக் குடியேறிகளை வெறுத்த 'ஒன்றுமறியோர்' இயக்கம் சபைக்குரிய 11 ஆசனங்களையும் வாரிக்கொண்டது. (அங்கத்தவர் இயக்கத்தைப்பற்றி எதுவும் அறியோம் என விடையிறுத்தமையால் வந்த பெயர் அது.) அவர்கள் நிறைந்திருந்த மாநிலச் சட்டமன்றமே 1855இல், அடிமைமுறையின் தீவிர எதிரியான ஹென்றி வில்சனைச் செனற்றுக்கு அனுப்பியது.

வில்லியம் கீனப் 1987இல் வெளியிட்ட நூல் இக்குழப்பத்தை நுணுக்கமாக விளக்குகிறது. குடியேறி எதிர்ப்பும் மதுவிலக்கும் வாக்காளரைப் பழைய கட்சிகளிலிருந்து பெயர்த்தமையை அவர் மாநிலந்தோறும் காட்டுகிறார். எரிக் போணர் 1970இலேயே வலியுறுத்திய சுதந்திர உழைப்புக் கருத்தியலை மட்டும் கொண்டு 1854ஐ விளங்கிக்கொள்ள இயலாது என்பது இதனாற் புலனாகும். ஆயினும் வாக்காளரைப் பெயர்த்த காரணமும் அவர்களைப் புதிய அணியிற் சேர்த்த காரணமும் ஒன்றாயிருக்க வேண்டியதில்லை. இவ்வேறுபாட்டைச் சபையின் அடுத்த நிகழ்ச்சியே உணர்த்துகிறது.

தேர்தல்கள் மாநிலத்துக்கு மாநிலம் வேறு நாட்களில் நடைபெற்று 1855 நவம்பரிலேயே முடிவுற்றன. டிசம்பரிற் கூடிய சபையில் எக்கட்சிக்கும் பெரும்பான்மை இல்லை. சபாநாயகரைத் தெரிவுசெய்ய இரு மாதங்களும் 133 வாக்கெடுப்புகளும் தேவைப்பட்டன. குடியேறி எதிர்ப்பே மேலோங்கிய பிரச்சினையாயின் அங்கத்தவர் அதன்வழியே பிரிந்திருக்க வேண்டும். நடந்ததோ வேறு. 1856 பெப்ரவரி 2இல் மசச்சூசெற்சின் நதானியல் பாங்ஸ் 103 வாக்குகளும், தென் கரோலினாவின் பெரும் அடிமை உடைமையாளரான வில்லியம் எய்க்கின் 100 வாக்குகளும் பெற்றனர். பாங்சுக்கு வாக்களித்தோர் வடவர். அவர் 1852இல் ஜனநாயகக் கட்சியினராகச் சபைக்குத் தெரிவாகி, 1854இல் 'ஒன்றுமறியோர்' ஆதரவுடன் வென்று, ஈற்றிற் குடியரசுக் கட்சியைச் சேர்ந்தவர்.