‘வார்த்தை’க்குச் செவியானவர்

1995இல் திரைக்கலையின் நூற்றாண்டையொட்டி வத்திக்கான் வெளியிட்ட 45 சிறந்த படங்களின் பட்டியலில் டென்மார்க்கின் கார்ல் தியோடர் டிரையருடைய படங்கள் இரண்டு இடம்பெற்றன. ஒன்று, புனித ஜோன் ஆஃப் ஆர்க்கின் பாடுகளைக் காட்டும் 1928ஆம் ஆண்டு மௌனப்படம். மற்றொன்று 1955இல் வெளிவந்த ‘ஓர்தெத்’, அதாவது ‘வார்த்தை’. பேசாப் படத்தில் முகங்களைப் பேசவைத்த டிரையரைப் பற்றி நிறைய எழுதிவிட்டார்கள். பேசும் படத்தில் அவருக்குச் செவியாக நின்ற ஒலிப்பதிவாளர் க்னுத் கிறிஸ்டென்சனை நாம் பெயர்ப்பட்டியலோடு மறந்துவிடுகிறோம். (அந்நாட்டு வரலாற்றில் இப்பெயரைத் தேடுவோர்க்கு முதலில் அகப்படுபவரும் 1945 முதல் 1947 வரை பிரதமராயிருந்த வேறொருவரே!)

‘ஓர்தெத்’தின் மூலம், 1944 ஜனவரியில் நாசிகளால் கொல்லப்பட்ட லூத்தரன் போதகர் காய் முங்க் எழுதிய நாடகம். இரண்டு மணி நேரத்திற்கு மேல் ஓடும் படத்தில் ஏறத்தாழ நூற்றுச் சொச்சம் காட்சித்துண்டுகளே உள்ளன. நிமிடக்கணக்கில் அறுபடாமல் காமிரா நகர, மாந்தர் நடக்க, ஒலிவாங்கியும் தன் நிழல் விழாமல் உடன் செல்லவேண்டும். இத்தகைய படத்தில் ஒலிப்பதிவாளருக்கு ஒளிந்துகொள்ள இடமில்லை.

அப்பண்ணை வீட்டில் கடிகாரம் ஒன்று ஓடுகிறது. சற்று நேரத்தில் அதை நாம் கேட்பதில்லை; நம் வீட்டுக் கடிகாரம் போலவே அது பழகிவிடுகிறது. மருமகள் இங்கர் பேறுகாலத்தில் இறந்ததும் கடிகாரம் நிறுத்தப்படுகிறது. அப்போதுதான் இதுவரை எதைக் கேட்டுக்கொண்டிருந்தோம் என்பது நமக்குப் புலனாகிறது. சவப்பெட்டியிலிருந்து அவள் எழுந்தபின், கொழுந்தன் ஆண்டர்ஸ் போய் அதை மீண்டும் ஓடவிடுகிறான். புதுமைக்குச் சாட்சியாக வருவது அந்தப் பழைய டிக் டிக் ஓசைதான்! தன்னைக் கிறிஸ்துவென்று நம்பும் யோஹன்னஸின் மெல்லிய, ஓதுவது போன்ற குரலும், ஏனையோரின் பேச்சு ஒலிக்கும் அதே அறையில்தான் ஒலிக்கிறது. அக்குரலுக்கு ஒரு தெய்வீக எதிரொலி பூட்டியிருந்தால், உயிர்ப்பு வெறும் மாயவித்தையாகிப் போயிருக்கும் என்பதே நம் கருத்து.

ஒன்று மட்டும் நம்மை உறுத்துகிறது. இங்கராக நடித்த பிர்கிட்டே ஃபெடர்ஸ்பீல் படப்பிடிப்பின்போது உண்மையிலேயே கருவுற்றிருந்தார். அவருடைய இசைவுடன் மெய்யான பேறுகால முனகல்களைப் பதிவுசெய்து டிரையர் படத்தில் சேர்த்தார். ஒரு தாயின் வேதனையைக் கலை இரவல் வாங்கலாமா? இசைவு இருந்தது என்பது மட்டும் நமக்கு நிறைவான விடையாகத் தோன்றவில்லை. ஆயினும் படத்தில் இங்கரின் குழந்தை இறந்தே வெளிவரும் வேளையில், நாம் கேட்பது ஓர் உண்மையான பிறப்பின் ஓசை. இதை அறிந்தபின் அக்காட்சியை முன்போல் கேட்க முடிவதில்லை.

1964இல் டிரையர் தம் இறுதிப்படமான ‘கெர்ட்ரூட்’டை எடுத்தபோதும் ஒலிப்பதிவு கிறிஸ்டென்சனுடையதே. பாரிசில் முதற்காட்சியைக் கண்டோர் ஏளனக்குரல் எழுப்பினர். மாந்தர் ஒருவரையொருவர் பாராமலே பேசுவது அவர்களுக்குச் சலிப்பூட்டியது. கண்கள் சந்திக்காத அவ்வறைகளில் மனிதரை மனிதரோடு பிணைப்பது குரல் ஒன்றே. அந்தக் குரல்கள் மிக அருகில், தெளிவாக, நம் தோளருகே அமர்ந்து பேசுவதுபோல் கேட்கின்றன.